ஒரு பாட்டு கேட்பதற்குள் 11 கோடி ஆண்டு!



கண்ணாமூச்சி விளையாடாத பிள்ளைகள் உண்டா? ஒருவர் கண்ணைப் பொத்திக்கொண்டு பத்து எண்ண வேண்டும். அதற்குள் மற்றவர்கள் ஓடி ஒளிய வேண்டும். கண்ணைப் பொத்தி நிற்பவருக்கு அந்தப் பத்து எண்ணும் நேரம் நீண்டுகொண்டே போகும். ஒளிய இடம் தேடி ஓடுபவருக்கோ அதே நேரம் போதவே போதாது! எண்ணியது என்னவோ ஒரே பத்துதான்.

இது நம் மனத்துக்குத் தோன்றுவது மட்டும்தானா? அல்லது நேரம் உண்மையிலேயே ஓரிடத்தில் வேகமாகவும் இன்னோர் இடத்தில் மெதுவாகவும் ஓடுமா? 'அமெரிக்காவில் இப்போது இரவு, இங்கே பகல், அதைத்தானே சொல்கிறீர்கள்?' என்று கேட்காதீர்கள். அது வேறு. அங்கேயும் ஒரு மணி நேரம் ஒரு மணி நேரம்தான். நான் கேட்பது, ஓரிடத்தில் ஒரு நொடி கழிவதற்குள் இன்னோர் இடத்தில் பல நொடிகள் கழியுமா என்பது.

இதற்கு விடை தேட ஒரு கண்ணாமூச்சிக் கதையிலிருந்தே தொடங்குவோம். கதை தொடங்குவது கயிலாயத்தில். வந்து சேரும் இடமோ, பூந்தமல்லிக்கும் குன்றத்தூருக்கும் நடுவே இருக்கும் நம் மாங்காடு!

பொத்திய கண்கள்

மாங்காட்டுக் காமாட்சியம்மன் கோயிலின் தலபுராணம் சொல்லும் கதை இது. கயிலாயத்தில் ஒருநாள் பார்வதி தேவி விளையாட்டாகச் சிவபெருமானின் கண்களைப் பின்னாலிருந்து பொத்தினாள். கண நேரம்தான். ஆனால், சிவபெருமானின் கண்கள்தானே சூரியனும் சந்திரனும்! எல்லா உலகங்களும் இருண்டுவிட்டன.

அங்கே அது ஒரு கணம். உலகத்தில் இருந்தவர்களுக்கோ விடியாத நெடுங்காலம். பயிர் வாடியது, உயிர்கள் தவித்தன. 'விளையாட்டுதானே' என்று தேவி நினைத்தது இங்கே பெரிய துன்பமாகிவிட்டது. செய்த பிழை தீரப் பூமிக்குப் போய்த் தவம் செய்யும்படி சிவபெருமான் சொன்னார். தேவி மாமரங்கள் நிறைந்த காட்டுக்கு வந்தாள். தீ வளர்த்து, அதன் நடுவே ஒற்றைக்கால் விரல் நுனியில் நின்று கடுந்தவம் செய்தாள். மாமரக் காடு மாங்காடு ஆயிற்று. பிறகு காஞ்சிபுரம் சென்று இறைவனை மணந்தாள் என்று கதை முடிகிறது. காஞ்சிபுரம், திருவண்ணாமலைத் தலபுராணங்களிலும் இந்தக் கண்பொத்தும் விளையாட்டு வருகிறது.

கதையில் ஒரு சிறு குறிப்பைக் கவனித்தீர்களா? மேலே ஒரு கணம்; கீழே நெடுங்காலம்! மேலே இருக்கும் கடிகாரமும் கீழே இருக்கும் கடிகாரமும் ஒன்றுபோல் ஓடவில்லை. நம் புராணங்களில் இந்தக் காலக் குழப்பம் ஒருமுறை அல்ல, திரும்பத் திரும்ப வருகிறது. அதற்கென்று ஒரு கணக்கே இருக்கிறது!

தேவர்களின் கடிகாரம்

'மார்கழி மாதம் தேவர்களின் விடியற்காலை' என்று உங்கள் பாட்டி சொல்லிக் கேட்டிருப்பீர்கள். அது எப்படி என்று தெரியுமா?

நமக்கு ஓர் ஆண்டு என்பது தேவர்களுக்கு ஒரு நாள். தை முதல் ஆனி வரை அவர்களுக்குப் பகல். ஆடி முதல் மார்கழி வரை இரவு. நம்முடைய 12 மாதங்கள் அவர்களின் 24 மணி நேரம் என்றால், நம்முடைய ஒரு மாதம் அவர்களுக்கு இரண்டு மணி நேரம். தை பிறக்கும்போது அவர்களுக்குக் காலை 6 மணி. அப்படியானால் அதற்கு முந்தின மாதமான மார்கழி? காலை 4 மணி முதல் 6 மணி வரை! அதனால்தான் அதை விடியற்காலை என்றார்கள். கணக்கு சரியாக வருகிறது பாருங்கள்.

இன்னும் போவோம். ஆண்டுக்கு 360 நாள் என்று எளிதாக வைத்துக்கொண்டால், தேவர்களின் ஒரு நிமிடம் நமக்கு 6 மணி நேரம். அவர்களின் ஒரு நொடி நமக்கு 6 நிமிடம். தேவலோகத்துப் பிள்ளை கண்ணாமூச்சியில் பத்து எண்ணி முடிப்பதற்குள் நம் பள்ளிக்கூடத்தில் ஒரு மணி நேரம் ஓடிவிடும்!

இது சின்னக் கணக்கு. பிரம்மதேவரின் கடிகாரம் இதைவிட மெதுவானது. நான்கு யுகங்களின் கணக்கு இது:

கிருத யுகம் – 17,28,000 ஆண்டு
திரேதா யுகம் – 12,96,000 ஆண்டு
துவாபர யுகம் – 8,64,000 ஆண்டு
கலி யுகம் – 4,32,000 ஆண்டு

நான்கையும் கூட்டினால் 43,20,000 ஆண்டு. இதற்குச் சதுர்யுகம் என்று பெயர். கலி முடிந்தால் மறுபடியும் கிருதம். ராட்டினம் போலச் சுற்றிக்கொண்டே இருக்கும். இப்படி ஆயிரம் முறை சுற்றினால் பிரம்மாவுக்கு ஒரு பகல் பொழுது. அதாவது 432 கோடி ஆண்டு!

ஒரு பகல் என்பது 12 மணி நேரம். அதில் எத்தனை நொடி? 12 x 60 x 60 = 43,200. இப்போது 432 கோடியை 43,200ஆல் வகுத்துப் பாருங்கள். தாள், பென்சில் எடுத்துக்கொள்ளுங்கள். நான் காத்திருக்கிறேன்.

வகுத்தாயிற்றா? சரியாக ஒரு லட்சம்! பிரம்மாவின் கடிகாரத்தில் ஒரு நொடி என்பது பூமியில் ஒரு லட்சம் ஆண்டு. இதை மறக்காமல் வைத்துக்கொள்ளுங்கள். அடுத்து வரும் ராஜாவின் கதைக்கு இந்தக் கணக்கு வேண்டும்.

மாப்பிள்ளை தேடிப் போன ராஜா

குசஸ்தலி என்ற நகரத்தை ஆண்ட ராஜாவின் பெயர் ககுத்மி. அவருக்கு ரேவதி என்று ஒரே செல்ல மகள். ரேவதிக்குத் தகுந்த மாப்பிள்ளை யார் என்று ராஜாவுக்கு ஒரே குழப்பம். மனத்தில் பல பேரை வைத்திருந்தார். யாரைத் தேர்ந்தெடுப்பது? பிரம்மாவையே கேட்டுவிடலாம் என்று மகளையும் அழைத்துக்கொண்டு பிரம்மலோகத்துக்குப் புறப்பட்டார்.

அங்கே போனபோது கந்தர்வர்கள் பாடிக்கொண்டிருந்தார்கள். பிரம்மா அதை ரசித்துக்கொண்டிருந்தார். பாட்டு நடக்கும்போது குறுக்கே பேசுவது மரியாதையா? ராஜாவும் மகளும் ஓர் ஓரமாக உட்கார்ந்தார்கள். அவர்களும் பாட்டில் மயங்கிப் போனார்கள்.

பாட்டு முடிந்தது. ராஜா எழுந்து வணங்கி, "சுவாமி, என் மகளுக்கு இன்னின்னாரை நினைத்திருக்கிறேன். இவர்களில் யார் பொருத்தம் என்று தாங்கள்தான் சொல்ல வேண்டும்" என்றார்.

பிரம்மா சிரித்துவிட்டார்.

"ராஜாவே! நீ சொன்னவர்களில் ஒருவரும் இப்போது இல்லை. அவர்களுடைய பிள்ளைகள் இல்லை, பேரன்கள் இல்லை, அவர்களுடைய வம்சத்தின் பெயர்கூடப் பூமியில் யாருக்கும் தெரியாது. நீ இங்கே உட்கார்ந்திருந்த நேரத்தில் அங்கே 27 சதுர்யுகங்கள் கழிந்துவிட்டன!"

ராஜா எப்படித் திகைத்திருப்பார், நினைத்துப் பாருங்கள். அரண்மனை, அமைச்சர்கள், உறவினர்கள், வாசலில் நின்று வழியனுப்பியவர்கள் எல்லோரும் போய்விட்டார்கள். பிரம்மா அவரைத் தேற்றி, பூமியில் இப்போது பலராமன் இருக்கிறான், அவனுக்கு உன் மகளைக் கொடு என்று அனுப்பி வைத்தார். பலராமன் யார்? கண்ணனின் அண்ணன்! ககுத்மி திரும்பி வந்தபோது குசஸ்தலி இருந்த இடத்தில் துவாரகை இருந்தது. மனிதர்கள் எல்லோரும் உயரம் குறைந்துபோயிருந்தார்கள். முந்தைய காலத்துப் பெண்ணான ரேவதி மட்டும் மிக உயரம்! பலராமன் தன் கலப்பையால் அவளை அழுத்தி உயரத்தைக் குறைத்தான் என்று விஷ்ணு புராணம் வேடிக்கையாகச் சொல்கிறது. மகளைத் திருமணம் செய்து கொடுத்துவிட்டு ராஜா நாட்டில் தங்கவில்லை. தவம் செய்யப் போய்விட்டார். தெரிந்த முகம் ஒன்றுகூட இல்லாத ஊரில் அவர் யாரோடு பேசுவார்?

சரி, கணக்குக்கு வருவோம். 27 சதுர்யுகம் என்றால் 27 x 43,20,000 = 11,66,40,000 ஆண்டு. பிரம்மாவின் ஒரு நொடி நமக்கு ஒரு லட்சம் ஆண்டு அல்லவா? ஒரு லட்சத்தால் வகுத்தால் சுமார் 1,166 நொடி. நிமிடமாக்கினால்? 19 நிமிடம், 26 நொடி!

புராணத்தில் இந்தப் பத்தொன்பது நிமிடம் எழுதியிருக்கவில்லை. நாம் போட்ட கணக்கு இது. ஆனால் எவ்வளவு பொருத்தம் பாருங்கள்! மார்கழிக் கச்சேரியில் ஆலாபனையோடு ஒரு பெரிய பாட்டைப் பாடி முடிக்கச் சுமார் இருபது நிமிடம்தான் ஆகும். ராஜா கேட்டது உண்மையிலேயே ஒரே ஒரு பாட்டுதான்!

கடலுக்கு அடியில், அலமாரிக்குள்ளே

இப்படிப்பட்ட கதை நம் நாட்டில் மட்டும்தானா? இல்லை. ஜப்பான் நாட்டுப் பிள்ளைகளுக்கு உராஷிமா தாரோ என்ற மீனவனின் கதை தெரியும். கரையில் துன்பப்பட்ட ஓர் ஆமையை அவன் காப்பாற்றினான். நன்றிக்கு அந்த ஆமை அவனைக் கடலுக்கு அடியில் இருந்த அரண்மனைக்கு அழைத்துப் போனது. அங்கே சில நாள் தங்கிவிட்டு, அம்மா அப்பாவின் நினைவு வந்து ஊர் திரும்பினான். கரையேறிப் பார்த்தால் ஊரில் 300 ஆண்டு ஓடிவிட்டது! அரண்மனையில் ஒரு பெட்டியைக் கொடுத்துத் திறக்கக் கூடாது என்று சொல்லியிருந்தார்கள். துக்கம் தாங்காமல் அதைத் திறந்தான். ஒரு புகை வந்தது. அந்த நொடியே கிழவனாகிவிட்டான்.

இங்கிலாந்தில் வாழ்ந்த எழுத்தாளர் சி.எஸ். லூயிஸ், நார்னியா என்ற கற்பனை உலகத்தைப் படைத்தார். 1950 முதல் 1956 வரை அதைப் பற்றி ஏழு புத்தகங்கள் வந்தன. நான்கு பிள்ளைகள் ஓர் அலமாரிக்குள் நுழைந்து அந்த உலகத்துக்குப் போகிறார்கள். அங்கே அரசர்களாகவும் அரசிகளாகவும் பல ஆண்டு ஆண்டு, பெரியவர்களாக வளர்ந்தும் விடுகிறார்கள். அலமாரி வழியே திரும்பினால், புறப்பட்ட அதே நிமிடம்! மறுபடியும் பிள்ளைகள்! ஓராண்டு கழித்து மீண்டும் போகிறார்கள். அங்கேயோ பல நூறு ஆண்டு கழிந்து, அவர்கள் வாழ்ந்த கோட்டை பாழடைந்து கிடக்கிறது. ஒவ்வொரு முறையும் நேரம் ஒவ்வொரு விதமாகத் தாவுகிறது.

நம் ககுத்மியின் கணக்கு கெட்டிக்காரக் கணக்கு. ஒரு நொடிக்கு ஒரு லட்சம் ஆண்டு என்று மாறாமல் வரும். நார்னியாவில் அப்படி ஒரு வாய்ப்பாடே கிடையாது!

ஏன் எல்லா நாட்டிலும் இப்படிக் கதை சொன்னார்கள்? பிரிந்து போய்த் திரும்புகிற ஒவ்வொருவருக்கும் கொஞ்சம் இப்படித்தான் நடக்கிறது. இரண்டு ஆண்டு கழித்துப் பாட்டி ஊருக்குப் போனால், நீங்கள் புல் கொடுத்த கன்றுக்குட்டி பசுவாகி நிற்கும். இருபது ஆண்டு வெளிநாட்டில் இருந்துவிட்டு மாங்காட்டுக்குத் திரும்புகிறவர், தன் வீட்டுக்கே வழி கேட்டுத்தான் போக வேண்டும்! 'நான் இல்லாதபோதும் இங்கே நேரம் ஓடியிருக்கிறதே' என்ற அந்தத் திகைப்பைத்தான் கதை பெரிதாக்கிக் காட்டுகிறது.

கண் இமையும் கைவிரலும்

கடிகாரம் இல்லாத காலத்தில் மனிதன் நேரத்தைத் தன் உடம்பால் அளந்தான். 'மாத்திரை' என்று இலக்கண வகுப்பில் படிக்கிறீர்கள். குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு. ஒரு மாத்திரை என்பது எவ்வளவு நேரம்? இயல்பாக ஒருமுறை கண் இமைக்கும் நேரம் அல்லது ஒருமுறை கைவிரலை நொடிக்கும் நேரம் என்கிறது தொல்காப்பியம். விரலை நொடிப்பதால்தான் 'நொடி' என்ற சொல்லே நேரத்துக்கு வந்தது. 'நிமிஷம்' என்ற வடசொல்லுக்கும் முதலில் கண் இமைப்பது என்றுதான் பொருள்.

ஆனால், என் இமையும் உன் இமையும் ஒன்றுபோல் அடிக்குமா? அடிக்காது. நேரம் உண்மையிலேயே இடத்துக்கு இடம் மாறுகிறதா என்று அறிய, இமையைவிட மிகத் துல்லியமான ஒரு கடிகாரம் வேண்டும். அது 20ஆம் நூற்றாண்டில்தான் வந்தது. அதுதான் அணுக்கடிகாரம்.

விமானத்தில் பறந்த 'திரு. கடிகாரம்'

ஆல்பர்ட் ஐன்ஸ்டீன் 1905இலும் 1915இலும் வெளியிட்ட கொள்கைகள் உலகத்தைத் திகைக்க வைத்தன. அவற்றிலிருந்து இரண்டு செய்திகள் மட்டும் நமக்குப் போதும்.

ஒன்று: வேகமாகப் போகும் கடிகாரம் மெதுவாக ஓடும்.
இரண்டு: பூமியின் ஈர்ப்பு குறைந்த உயரத்தில் இருக்கும் கடிகாரம் வேகமாக ஓடும்.

கடிகாரம் கெட்டுப்போவதால் அல்ல. நேரமே அப்படி ஓடுவதால்!

"சொன்னால் போதுமா? நிரூபிக்க வேண்டாமா?" என்று நீங்கள் கேட்பது சரியான கேள்வி. 1971 அக்டோபரில் ஹாஃபல், கீட்டிங் என்ற இரண்டு அமெரிக்க விஞ்ஞானிகள் நான்கு அணுக்கடிகாரங்களை எடுத்துக்கொண்டு, சாதாரணப் பயணிகள் விமானங்களில் உலகத்தைச் சுற்றினார்கள். கடிகாரங்களை இருக்கையில் வைக்க வேண்டுமே! 'திரு. கடிகாரம்' என்ற பெயரில் டிக்கெட் எடுத்தார்களாம்! முதலில் கிழக்கு நோக்கி ஒரு சுற்று. பிறகு மேற்கு நோக்கி ஒரு சுற்று. இறங்கியதும் தரையிலிருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்டார்கள். கிழக்கே போனபோது நொடியில் நூறு கோடியில் 59 பங்கு பின்தங்கியிருந்தது. மேற்கே போனபோது 273 பங்கு முந்தியிருந்தது. ஐன்ஸ்டீன் சொன்ன கணக்கோடு இது ஒத்துப்போனது.

ஏன் இரண்டு விடை? பூமி மேற்கிலிருந்து கிழக்காகச் சுழல்கிறது. கிழக்கே பறக்கும் விமானத்துக்குப் பூமியின் வேகமும் சேர்ந்துகொள்கிறது. மேற்கே பறந்தால் கழிந்துவிடுகிறது. ஓடும் ரயிலில் முன்பக்கம் நடப்பதற்கும் பின்பக்கம் நடப்பதற்கும் உள்ள வேறுபாடு போல!

2010இல் அமெரிக்காவில் இன்னும் துல்லியமான கடிகாரங்களை வைத்து, ஒன்றை மற்றதைவிட 33 சென்டிமீட்டர் உயரத்தில் வைத்தார்கள். உங்கள் அடிக்கோலைவிடச் சற்று அதிகம், அவ்வளவுதான். அதற்கே நேரம் மாறுவது தெரிந்தது! ஆகவே நாம் நிற்கும்போது நம் தலைக்குக் காலைவிட வயது மிக மிகக் கொஞ்சம் வேகமாகக் கூடுகிறது.

நம் தமிழ்நாட்டுக்கு ஒரு கணக்குப் போடுவோமா? 2,637 மீட்டர் உயரமுள்ள தொட்டபெட்டா உச்சியில் ஒரு கடிகாரம், மெரினா கடற்கரையில் ஒரு கடிகாரம். நொடியைப் பத்து லட்சம் பங்காக்கினால் ஒரு பங்குக்கு மைக்ரோ நொடி என்று பெயர். ஓராண்டில் மலைக் கடிகாரம் ஏறக்குறைய 9 மைக்ரோ நொடி முந்தியிருக்கும்.

விண்வெளி வீரர் சுபான்சு சுக்லாவை உங்களுக்குத் தெரியும். 2025 ஜூன் 25 அன்று புறப்பட்டு, பன்னாட்டு விண்வெளி நிலையத்தில் தங்கிவிட்டு, ஜூலை 15 அன்று பூமிக்குத் திரும்பினார். அந்த நிலையம் நொடிக்கு 7 கிலோமீட்டருக்கும் அதிகமான வேகத்தில் பறக்கிறது. கணக்குப்படி, அந்த 20 நாளில் அவருக்கு நம்மைவிட ஒரு நொடியில் இரண்டாயிரத்தில் ஒரு பங்கு நேரம் குறைவாகக் கழிந்திருக்கும். ககுத்மி ராஜாவுக்கு நடந்ததுதான். அளவு மட்டும் மிகமிகச் சிறியது! நல்லவேளை, வீட்டார் எல்லோரும் அவருக்காகக் காத்திருந்தார்கள்.

தினமும் நடக்கும் காலக் குழப்பம்

"இவ்வளவு சின்ன வித்தியாசத்தால் நமக்கு என்ன?" என்று தோன்றுகிறதா? உங்கள் வீட்டுச் செல்போன் வழி காட்டுகிறதே, அந்த ஜி.பி.எஸ். இந்தச் சின்ன வித்தியாசத்தை நம்பித்தான் இருக்கிறது.

சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் செயற்கைக்கோள்களில் அணுக்கடிகாரங்கள் இருக்கின்றன. அவை அனுப்பும் செய்தி எந்த நேரத்தில் புறப்பட்டது, எந்த நேரத்தில் வந்து சேர்ந்தது என்பதை வைத்துத்தான் நாம் இருக்கும் இடம் கணக்கிடப்படுகிறது. வேகத்தால் அந்தக் கடிகாரம் நாளொன்றுக்கு 7 மைக்ரோ நொடி பின்தங்கும். உயரத்தால் 45 மைக்ரோ நொடி முந்தும். கழித்துப் பார்த்தால் தினமும் 38 மைக்ரோ நொடி முந்தும். நேற்றும் நடந்தது, இன்றும் நடக்கிறது, நாளையும் நடக்கும்.

ஒரு மைக்ரோ நொடியில் ஒளி 300 மீட்டர் போகும். 38 மைக்ரோ நொடியில்? 11 கிலோமீட்டருக்கும் மேல்! திருத்தாமல் விட்டால் ஒவ்வொரு நாளும் தூரக் கணக்கு அந்த அளவுக்குப் பிசகும். மாங்காட்டுக்கு வர வேண்டிய ஆம்புலன்ஸ் எங்கே போய் நிற்கும்? ராமேசுவரத்திலிருந்து இரவில் படகில் போகும் மீனவர்கள், கடல் எல்லைக்கு இந்தப் பக்கம் இருக்கிறோமா அந்தப் பக்கமா என்று எப்படி அறிவார்கள்? கடலில் கோடு போட்டா வைத்திருக்கிறது? கருவியைத்தானே பார்க்க வேண்டும்! அதனால் அந்தக் கடிகாரங்களைப் பூமியிலேயே சற்று மெதுவாக ஓடும்படி திருத்தித்தான் மேலே அனுப்புகிறார்கள்.

இதில் ஒரு சுவையான செய்தி. 1977 ஜூனில் அமெரிக்கா ஒரு சோதனைச் செயற்கைக்கோளை ஏவியது. ஐன்ஸ்டீனின் கணக்கு உண்மையிலேயே பலிக்குமா என்று அதில் வேலை செய்த சிலருக்குச் சந்தேகம். எனவே திருத்தம் செய்யும் கருவியை வைத்தார்கள். ஆனால் அதை இயக்காமல் விட்டார்கள்! சுமார் 20 நாள் பார்த்தார்கள். கடிகாரம் தினமும் 38 மைக்ரோ நொடி முந்தியது. உடனே கருவியை இயக்கிவிட்டார்கள். சந்தேகப்பட்டவர்களை யாரும் திட்டவில்லை. அளந்து பார்த்ததும் எல்லோரும் ஒப்புக்கொண்டார்கள்.

நம் நாட்டுக்கும் 'நாவிக்' என்ற சொந்த வழிகாட்டி அமைப்பு இருக்கிறது. 2013இல் ஏவிய அதன் முதல் செயற்கைக்கோளில் வெளிநாட்டில் வாங்கிய மூன்று அணுக்கடிகாரங்கள் இருந்தன. சில ஆண்டுகளில் மூன்றும் பழுதாயின. கடிகாரம் நின்றதும் அந்தச் செயற்கைக்கோளால் இடம் காட்ட முடியவில்லை. நம் விஞ்ஞானிகள் சோர்ந்துவிடவில்லை. நம் நாட்டிலேயே அணுக்கடிகாரம் செய்யக் கற்றார்கள். 2023 மே 29 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து புறப்பட்ட என்.வி.எஸ்.-01 செயற்கைக்கோளில் அந்தக் கடிகாரமும் பறந்தது.

கதையும் கணக்கும்

இப்போது உங்களில் யாராவது எழுந்து, "அப்படியென்றால் ஐன்ஸ்டீன் சொன்னதை நம் புராணம் அப்போதே சொல்லிவிட்டதா?" என்று கேட்பீர்கள். கேட்க வேண்டிய கேள்விதான்.

இல்லை, குழந்தைகளே. பிரம்மலோகத்தில் நேரம் ஏன் மெதுவாக ஓடுகிறது என்று கதை காரணம் சொல்லவில்லை. அது தெய்வங்களின் இடம், அவ்வளவுதான். வேகம், ஈர்ப்பு, அளவு என்ற பேச்சு அதில் இல்லை. உராஷிமா தாரோவின் கதையிலும் இல்லை. 'கதையிலேயே இருக்கிறதே' என்று சொல்லி நாம் உட்கார்ந்துவிட்டால், அணுக்கடிகாரத்தை யார் செய்வார்கள்?

அதற்காகக் கதையைக் குறைவாக நினைக்காதீர்கள். 'எல்லா இடத்திலும் நேரம் ஒன்றுபோல் ஓட வேண்டுமா என்ன?' என்று துணிந்து நினைத்துப் பார்த்தது கதைதான். அப்படி நினைக்கப் பெரிய மனம் வேண்டும். நினைத்ததை அளந்து பார்க்கப் பொறுமை வேண்டும். இரண்டும் உங்களிடம் இருக்கட்டும். மாங்காட்டுக்குப் போனால் கண்பொத்திய கதையை நினைத்து ரசியுங்கள். செல்போனில் வழி பார்க்கும்போது 38 மைக்ரோ நொடியை நினைத்துக்கொள்ளுங்கள். ஒன்றை இன்னொன்றாக்கிக் குழப்ப வேண்டாம்.

ககுத்மியிடமிருந்து இன்னொன்றும் கற்கலாம். கதையிலும் சரி, விஞ்ஞானிகளின் சோதனையிலும் சரி, இழந்த நேரத்தை அந்த ராஜாவுக்குத் திருப்பித் தர வழி கிடையாது. மெதுவாக ஓடினாலும் வேகமாக ஓடினாலும் கடிகாரம் முன்னால்தான் ஓடுகிறது. ரொம்ப நாளாகப் பார்க்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருக்கும் தாத்தாவோ பாட்டியோ இருந்தால், இந்த ஞாயிற்றுக்கிழமையே போய்ப் பார்த்துவிடுங்கள்!

செய்து பாருங்கள்

1. நண்பரைக் கண்ணை மூடிக்கொள்ளச் சொல்லுங்கள். ஒரு நிமிடம் ஆனதாகத் தோன்றும்போது கையைத் தூக்கச் சொல்லுங்கள். நீங்கள் கடிகாரத்தைப் பாருங்கள். சும்மா உட்கார்ந்திருக்கும்போது ஒருமுறை, பாட்டு பாடிக்கொண்டே ஒருமுறை செய்து, எத்தனை நொடி என்று குறித்துக்கொள்ளுங்கள். வீட்டில் எல்லோரிடமும் சோதித்துப் பட்டியல் போடுங்கள்.

2. உங்கள் வயது தேவர்களின் கணக்கில் எத்தனை நாள்? பிரம்மாவின் கடிகாரத்தில் ஒரு நொடியாவது ஆகியிருக்குமா?

3. ஆடி முதல் தேதி தேவர்களுக்கு எத்தனை மணி? அதே கணக்கில் சித்திரை முதல் தேதி எத்தனை மணி?

(விடை: 2. உங்களுக்கு எத்தனை வயதோ அத்தனை நாள். பிரம்மாவுக்கு ஒரு நொடியில் ஆயிரத்தில் ஒரு பங்குகூட உங்களுக்கு இன்னும் வயதாகவில்லை! 3. ஆடி – மாலை 6 மணி. சித்திரை – பகல் 12 மணி. வெயிலைப் பார்த்தாலே தெரியுமே!)